ஆளுக்காக நின்ற படம்

1. இதை எழுதுபவன், யாழ்ப்பாணத்தில் பிறந்து, கொழும்பில் சட்டம் கற்று, சிறிது காலம் சொத்துப் பத்திரங்களை உறுதிப்படுத்தும் பிரசித்த நொத்தாரிசாக இருந்து, இப்போது டென்மார்க்கின் ஹோர்சன்ஸ் நகரில் வாடகை வீடுகளை நிர்வகிக்கும் ஓர் அலுவலகத்தின் சட்டப் பிரிவில் வேலை செய்பவன்.

2. நான் உங்களுக்கு இரத்த உறவினன் அல்லன். ஒரே தெருவில் குடியிருந்தவன். ஞாயிற்றுக்கிழமைகளில் உங்கள் வீட்டில் தேநீர் குடித்தவன். உங்கள் உடைமைகளில் எனக்கு எவ்வித உரித்தும் இல்லை. இந்தத் தகரப் பெட்டி ஒன்றை மட்டும் உங்கள் மனைவி ஜெசிந்தா அக்கா, தாமாக விரும்பி, என் கையில் தந்தார்.

3. கண்டது, கேட்டது, ஊகித்தது என்ற மூன்றையும் நான் வேறுவேறாகவே எழுதுவேன். பிரிக்க முடியாத இடம் வந்தால் அதையும் சொல்வேன்.

அண்ணை,

பெட்டியின் மூடியைத் திறந்ததும் வீடு முழுவதும் வினாகிரியின் புளிப்பு மணம் பரவிவிட்டது. மாடியிலிருந்து என் மனைவி, "என்னப்பா, ஊறுகாய்ப் போத்தில் கவிண்டுட்டுதோ?" என்று கேட்டாள். இல்லை, அண்ணையின் யப்பான் படம் என்றேன். அவள் யன்னலைத் திறக்கும் சத்தம் கேட்டது.

கோப்பன்ஹேகனில் பழைய படங்களைக் காக்கும் நிலையத்துப் பெண்மணி இந்த மணத்தைப் பற்றி எனக்கு விளக்கியிருக்கிறார். படச்சுருள் தன்னைத் தானே தின்னத் தொடங்கும்போது எழும் மணமாம். தொடங்கினால் நிறுத்த முடியாது. குளிரில் வைத்துத் தாமதப்படுத்தலாம், அதற்குள் பிரதி எடுக்கலாம். ஆனால் பிரதிக்குக் காத்திருக்கும் படங்கள் அங்கே ஏராளம். முழுமையான படமென்றால் முன்னுக்கு எடுப்பார்கள். அறுந்த துண்டுகள் பின்னுக்குத்தான் நிற்கும்; இந்தச் சுருள் அவ்வளவு காலம் தாங்காது. ஆகையால் அவர் என்னிடம் எழுத்தில் கேட்டிருப்பது ஒரே ஒரு வாக்கியம்: இப்படம் முழுமையானதா, குறைபட்டதா?

நாளை காலைப் புகையிரதத்தில் பெட்டியைக் கொண்டு போகிறேன். அந்த வாக்கியத்தை இன்று எழுதியாக வேண்டும். உங்களிடம் கேட்காமல் எழுத எனக்கு மனம் வரவில்லை.

கிரின்ஸ்டெட்டில் உங்கள் மகளைப் பார்க்கப் போன ஒரு நாள், அங்குள்ள பழைய சாமான் கடையில் இதை வாங்கினீர்கள். தட்டையான, வட்டமான, நல்ல இறுக்கமான மூடியுள்ள தகரம். உள்ளே என்ன இருக்கிறதென்று பார்க்கவேயில்லை. ஜெசிந்தா அக்கா அந்தக் கதையை வருவோர் போவோர் எல்லாருக்கும் சொல்லுவார்: "நான் பயத்தம் பணியாரம் போட ஒரு தகரம் கேட்டன். இந்தாள் ஒரு யப்பான்காரியைக் கொண்டுவந்து குசினியில வைச்சிட்டுது!"

நீங்கள் சிரிப்பீர்கள். "பணியாரம் ரண்டு நாளில முடிஞ்சுபோம். இவள் எத்தினை வருசமா இருக்கிறாள் பார்."

மூடியின் உட்புறத்தில் ஒட்டியிருந்த தாளைப் படித்துச் சொன்னவர் யூகோ. நகர எல்லையில் உங்கள் தோட்டத் துண்டுக்கு அடுத்த துண்டு அவருடையது. டென்மார்க்காரரை மணந்து நெடுங்காலமாக இங்கேயே வாழ்பவர். நீங்கள் அவருக்குக் கறிமுருங்கை வளராது என்று நிரூபித்துக் காட்டிக்கொண்டிருந்தீர்கள். அவர் உங்களுக்கு முள்ளங்கி எப்படி வளரும் என்று காட்டிக்கொண்டிருந்தார். அவர் தாளை இரண்டு முறை படித்தார். பிறகு டெனிஷில் சொன்னார்: படத்தின் நாயகியாக நடித்திருப்பவர் ஓர் ஆண். சினிமா தொடங்கிய காலத்தில் யப்பானியப் படங்களில் பெண்பாத்திரங்களை ஆண்களே நடித்தார்கள். மேடையில் அதற்கென்றே சிறுவயது முதல் பழகியவர்கள்.

நீங்கள் மண்வெட்டியைக் கீழே வைத்துவிட்டு என்னைப் பார்த்தது நினைவிருக்கிறது. "கேட்டீரோ, அப்புக்காத்தர்? அந்தாளும் நம்மட கேஸ்தான்."

வழக்கறிஞர்களை ஒரு காலத்தில் ஊரில் அழைத்த பெயரால் என்னைக் கேலி செய்வது உங்கள் வழக்கம். நீங்கள் மன்னாரில் கோவில் கூத்தில் இராணி வேடம் கட்டியவர் என்று நான் கேள்விப்பட்டிருந்தேன். அன்றுவரை நீங்களாக அதைப்பற்றி ஒரு சொல்லும் சொன்னதில்லை.

படத்தைக் கணினியில் பார்க்கும் வகையில் மாற்றித் தந்தவர் ஹோர்சன்ஸில் திருமண வீடியோ செய்யும் ஒரு டெனிஷ்காரர். நல்ல மனிதர். உங்கள் வீட்டுத் தொலைக்காட்சியில் அதை முதன்முதலாகப் பார்த்தோம். ஒரு பெண் ஆற்றங்கரையால் வருகிறாள், திரும்பிப் பார்க்கிறாள், ஒரு வாசற்படலையைத் தள்ளிக்கொண்டு வீட்டுக்குள் போகிறாள். அடுத்த கணமே அதே படலையால் வெளியே வருகிறாள், ஆனால் கூந்தல் அவிழ்ந்திருக்கிறது, கையில் ஒரு துணிமூட்டை இருக்கிறது. பாலத்தைக் கடந்து இன்னொரு வீட்டை நோக்கிப் போகிறாள். அடுத்த கணம் ஓடத்துறையில் நிற்கிறாள். கையில் மூட்டை இல்லை. எங்களை நோக்கித் தலைவணங்கி, ஓடத்தில் ஏறுகிறாள். அவ்வளவுதான்.

உங்கள் பேத்தி டெனிஷில் கேட்டாள்: "இது உடைந்துபோன படமா?"

நான் ஓம் என்றேன். நீங்கள் இல்லை என்றீர்கள். "உடையேல்லைப் பிள்ளை. அவள் எங்கேயோ போட்டு வாறாள். எங்கையெண்டுதான் தெரியேல்லை."

அந்த ஒரு கேள்வி எங்கள் இருவரையும் அந்தக் குளிர்காலம் முழுவதும் பிடித்து ஆட்டியது. வீடியோக்காரரிடம் மறுபடி போனோம். படத்தின் நடுவே இரண்டு இடங்களில் ஒன்றுமே பதியாத நீண்ட பகுதிகள் இருந்தன என்றும், பார்ப்பவர்களுக்கு அலுப்பாக இருக்கும் என்பதால் தாம் அவற்றை நீக்கிவிட்டதாகவும் மிகுந்த அக்கறையுடன் சொன்னார். சுருளில் கைவைக்கவில்லை, கணினியில் மட்டும்தான் என்றார். வீட்டுக்கு வந்து, வெள்ளைப் பருத்திக் கையுறை போட்டு, யன்னல் வெளிச்சத்தில் சுருளை விரித்துப் பார்த்தோம். அவர் சொன்னது உண்மை. படம், பிறகு வெறுமை, பிறகு படம், பிறகு வெறுமை, பிறகு படம்.

நான் மூன்று சாத்தியங்களைச் சொன்னேன். ஒன்று, அந்தப் பகுதிகள் பழுதடைந்து அழிந்தன. இரண்டு, இது பிற்காலத்தில் எடுத்த பிரதி ஆகையால், பிரதி எடுத்தவர் இல்லாத துண்டுகளின் இடத்தில் வெறும் சுருளை ஒட்டினார். மூன்று, எங்களுக்குத் தெரியாத ஏதோ ஒன்று.

"மூண்டாவதை நான் எடுக்கிறன்" என்றீர்கள். அவள் படலையைத் தள்ளி உள்ளே போகும் காட்சியைத் திரும்பத் திரும்பப் போட்டுக் காட்டினீர்கள். "இந்த நடையைப் பாரும். வெளிய இருந்து போறவை மாதிரியோ கிடக்கு? முன்னுக்குச் சனம் இருக்கெண்டு தெரிஞ்சு வைக்கிற கால் இது. போறாள் எண்டு நீர் நினைக்கிறீர். அவள் வாறாள்."

அது சாட்சியம் ஆகாது என்றேன்.

"உமக்கு எதுதான் சாட்சியம்? நாளைக்கு நான் செத்தாலும் டொக்டரின்ர கடதாசி இல்லாமல் அழமாட்டீர்."

யூகோதான் வழியைத் திறந்தார். ஒசாகாவில் இருக்கும் தம் ஒன்றுவிட்ட சகோதரியைக் கொண்டு சில பழைய சினிமாச் சஞ்சிகைகளின் பக்கங்களைப் பெற்று, தோட்டத்துக் குடிலில் எங்களுக்கு வாசித்துக் காட்டினார். அக்காலத்தில் சங்கிலி நாடகம் என்று ஒன்று இருந்திருக்கிறது. ஆறு, பாலம், தெரு போன்ற வெளிக்காட்சிகளை முன்கூட்டியே படமாக எடுத்துவிடுவார்கள். வீட்டுக்குள் நடப்பவற்றைப் படமாக எடுப்பதில்லை. பெண் படலைக்குள் நுழைந்ததும் படம் நின்றுவிடும், விளக்கு எரியும், அதே நடிகர், அதே உடையில், திரைக்கு முன்னே வந்து உள்காட்சியை நேரில் நடிப்பார். அது முடிந்ததும் விளக்கு அணையும். அவர் படத்துக்குள் திரும்பிப் போய்விடுவார். ஆகவே படம் எந்த ஊருக்குப் போனாலும் அந்த நடிகரும் கூடவே போக வேண்டும்.

எங்கள் சுருள் அப்படிப்பட்ட நாடகத்தின் படம்தான் என்று அந்தப் பக்கங்களில் எங்கும் எழுதப்படவில்லை. அதை நான் அன்றே சுட்டிக்காட்டினேன். நீங்கள் கேட்டதாகத் தெரியவில்லை. யூகோவின் மேசையைப் பிடித்தபடி எழுந்து, வெளியே போய் நின்று, படலையைத் தள்ளும் பாவனையில் கையை வைத்து, குடிலின் வாசலைத் தாண்டி உள்ளே ஓரடி வைத்தீர்கள். பிறகு கதிரையில் இருந்துவிட்டீர்கள். அப்போதே உங்களுக்கு மூச்சு வாங்கத் தொடங்கியிருந்தது.

அந்த நடிகரின் தொழில்வாழ்வைப் பற்றி நாங்கள் அறிந்தது கொஞ்சம். நாடோடி நாடகக் குழுவில் பெண்வேடம் பழகியவர். சினிமா வந்தபோது, அந்தக் குழுவோடு சேர்ந்து படத்துக்குள் போனவர். சில காலம் அவர் முகம் பதித்த அஞ்சலட்டைகள் விற்பனையாயினவாம். பிறகு சங்கிலி நாடகங்களுக்குக் கட்டுப்பாடுகள் வந்தன; படங்கள் ஆளில்லாமல் தாமே ஓடப் பழகின; கமெரா முகத்தின் அருகே வந்தது; நடிகைகள் வந்தார்கள். அதற்குப் பிறகு எங்களிடம் இருந்தது ஒரே ஒரு புகைப்படம். கத்தரித்த தலைமயிர், மேற்கத்தியக் கோட்டு, ஒரு கையில் தொப்பி. அதன்பின் அவர் விலகினாரா, விலக்கப்பட்டாரா, ஆண்வேடத்துக்கு மாறினாரா, வேறு தொழில் பார்த்தாரா என்பதற்கு எந்தச் சான்றும் கிடைக்கவில்லை.

"மற்றக் கையைப் பாரும்" என்றீர்கள். "கோட்டுப் போட்டாலும் கை இன்னும் சீலைத் தலைப்பைத்தான் பிடிச்சுக்கொண்டு நிக்குது."

"அது கோட்டின் ஓரம், அண்ணை."

"ஓம், ஓம். நீர் கோட்டைப் பார்க்கிறீர்."

கிரின்ஸ்டெட்டிலிருந்து திரும்பும் ஒரு மாலையில், காரை ஓட்டியபடி, கேட்காமலே சொன்னீர்கள். உங்கள் ஊர்க் கோவிலுக்குப் பங்குத் தந்தையாகச் சுவாமி ஒருவர் வந்து, இனிப் பெண்பாத்திரங்களைப் பெண்பிள்ளைகளே ஆடட்டும் என்று தீர்மானித்தார். "நல்ல விசயம். எனக்கு ஒரு கோவமும் இல்லை. என்ர தங்கச்சிதான் முதல் ராணி. என்னைவிட நல்லா ஆடினவள்."

"பிறகு ஏன் நீங்கள் மேடை ஏறவில்லை?"

"ராசாவா நிக்கச் சொன்னவை. நிண்டு பார்த்தன். எனக்கு ராசா நடை வரேல்லை." சிறிது தூரம் போன பிறகு, "அந்தாளுக்கு வந்துதோ எண்டுதான் எனக்கு அறியவேணும்" என்றீர்கள்.

தெரியாததைச் சொல்லக்கூடாதென்பது என் பயிற்சி.

நீக்கிய வெறுமைகளை வீடியோக்காரரைக் கொண்டு திரும்பச் சேர்ப்பித்து, கிறிஸ்மஸ் ஒளிவிழாவில் அந்தப் படத்தைக் காட்ட வேண்டும், வெறுமையான இரண்டு இடங்களிலும் நீங்களே எழுந்து நிற்க வேண்டும் என்று நீங்கள் சொன்ன நாளில் உங்கள் வீட்டில் நடந்தது வழக்குமன்றத்தைத் தோற்கடித்தது.

"உங்களுக்கு விசரோ?" என்றார் ஜெசிந்தா அக்கா. "இருதயத்தில கம்பி வைச்சு விட்டிருக்கினம். பேரப்பிள்ளையள் பார்த்துக்கொண்டிருக்க இந்த வயசில சீலை உடுக்கப் போறாராம்!"

"சீலை இல்லையப்பா. ஸ்வெட்டரோடைதான் நிப்பன்."

"அது இன்னும் வெக்கக்கேடு!"

நானும் எதிர்த்தேன், வேறு காரணத்துக்காக. அந்த இடங்களில் அந்த நடிகர் என்ன நடித்தார் என்பது எங்களுக்குத் தெரியாது. நீங்கள் எதைச் செய்தாலும் அது இட்டுக்கட்டியது ஆகும் என்றேன். "நல்லது. அதையே மைக்கில சொல்லும். தெரியாதெண்டு சொல்லும். சொல்லிப்போட்டு விலகி நில்லும், நான் வாறன்."

விழாக் குழுச் செயலாளர் அன்ரன் பத்து நிமிடம் தந்தார். "அதுக்குமேல எண்டால் சனம் கொத்துரொட்டிக்கு எழும்பிடும் அண்ணை, பிறகு என்னைக் குறை சொல்லக்கூடாது."

பிள்ளைகளின் வானதூதர் நடனம் முடிந்து, சிறகுகள் இன்னும் கதிரைகளில் கிடந்தபடியே மண்டபத்தில் விளக்கணைந்தது. நான் திரையின் பக்கத்தில் நின்று, எழுதி வைத்திருந்ததை வாசித்தேன்: இது யப்பானில் நூறு ஆண்டுகளுக்கு முன்னர் எடுக்கப்பட்டதாகக் கருதப்படும் படம், நாயகி ஓர் ஆண், நடுவில் இரண்டு இடங்கள் வெறுமையானவை, அவை அழிந்தனவா, விடப்பட்டனவா என்பது நிரூபிக்கப்படவில்லை, அவ்விடங்களில் இப்போது நடிக்கப்படுவதற்கு ஆதாரம் எதுவும் இல்லை. பின்வரிசையில் யாரோ, "அப்ப என்ன மண்ணுக்குக் காட்டுறியள்?" என்றார். சிரிப்பு எழுந்தது. நீங்களும் சிரித்தீர்கள், முன்வரிசையில்.

பெண் படலையைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனாள். திரை வெறும் வெள்ளையானது. நீங்கள் அந்த வெளிச்சத்தில் வந்து நின்றீர்கள்.

"அண்ணை, நாரி பிடிச்சுப்போம், கவனம்!" என்று ஒரு குரல். மறுபடி சிரிப்பு. நீங்கள் அதைக் கேட்டதாகக் காட்டிக்கொள்ளவில்லை. ஒரு வீட்டுக்குள் வந்தவரைப் போலச் சுற்றும் முற்றும் பார்த்தீர்கள், எதையோ தேடினீர்கள், கிடைக்கவில்லை. பிறகு ஸ்வெட்டரைக் கழற்றி, நிலத்தில் விரித்து, கண்ணுக்குத் தெரியாத சிறு சிறு பொருட்களை ஒவ்வொன்றாக எடுத்து அதற்குள் வைத்தீர்கள். ஒன்றை வைக்க மனமில்லாமல் மறுபடி எடுத்துவிட்டீர்கள். கைகளால் முடிச்சுப் போட்டீர்கள். அது என் கண்முன் நடந்தது: ஸ்வெட்டர் மூட்டையாயிற்று. அப்போது மண்டபத்தில் சிரிப்பில்லை. நீங்கள் விலகிய அதே கணத்தில் திரையில் அவள் படலையால் வெளியே வந்தாள், கையில் மூட்டையோடு. "ஐயோ, அவர் கட்டினதைத்தானே அவள் கொண்டு போறாள்" என்று ஒரு பெண் தன்னை மறந்து உரக்கச் சொன்னார்.

அவள் பாலத்தைக் கடந்தாள். மறுபடி வெள்ளை. இந்த இடத்தில் என்ன செய்வதென்று நீங்கள் என்னிடம் சொல்லியிருக்கவில்லை. உங்களுக்கே தெரியாதிருந்தது என்பது என் ஊகம். நீங்கள் மூட்டையைப் பிடித்தபடி நின்றீர்கள். அது நடிப்பா, மூச்சுக்காக நின்றதா என்று நான் பிரித்தறியவில்லை. பிறகு இரண்டு அடி முன்வந்து, ஜெசிந்தா அக்காவின் முன் நின்று, இரண்டு கைகளாலும் மூட்டையை நீட்டினீர்கள். அவர் வாங்கி மடியில் வைத்தார். நீங்கள் வெறுங்கையோடு இருளுக்குள் போனீர்கள்.

ஓடத்துறையில் அவள் தலைவணங்கினாள், ஓடத்தில் ஏறினாள். அந்த அமைதியில் உங்கள் பேத்தியின் டெனிஷ் குரல் தெளிவாகக் கேட்டது: "அம்மப்பா எங்கே போகிறார்?"

அதன்பின் வந்த வசந்தத்தில் வைத்தியசாலையில் நீங்கள் இறந்தீர்கள். அதற்குச் சான்றிதழ் இருக்கிறது; நானே வாசித்தேன். அதை வாசிக்கும் முன்னரே அழுதேன் என்பதையும் இங்கே பதிவு செய்கிறேன்.

இனி அந்த வாக்கியம். இந்தப் பிற்பகல் முழுவதும் நான் அதைச் சுற்றிச் சுற்றி வந்தேன். "குறைபட்டது" என்று எழுதினால் என்னை யாரும் குறைசொல்ல முடியாது. மூன்று சாத்தியங்களில் இரண்டு அதற்குச் சாதகம். ஆனால் படம் பின்னுக்குத் தள்ளப்பட்டு அழிந்துவிடும். "முழுமையானது" என்று எழுதினால், நிரூபிக்கப்படாத ஒன்றுக்கு நான் கையொப்பமிட்டவனாவேன். அன்புக்காகப் பொய்ச்சாட்சி சொன்னவர்களை நான் தொழிலில் கண்டிருக்கிறேன். அவர்களோடு சேர எனக்கு விருப்பமில்லை.

ஆகையால், நான் கண்டதை மட்டும் வைத்து யோசித்தேன். உங்கள் வீட்டுத் தொலைக்காட்சியில், வெறுமையை வெட்டி எறிந்த படத்தைப் பார்த்த பிள்ளை, இது உடைந்ததா என்று கேட்டது. மண்டபத்தில், வெறுமையோடும் உங்களோடும் சேர்த்துப் பார்த்த அதே பிள்ளை அப்படிக் கேட்கவில்லை. மூட்டை எங்கிருந்து வந்தது என்று அங்கே ஒருவரும் கேட்கவில்லை. எங்கே போயிற்று என்றும் கேட்கவில்லை. கொத்துரொட்டி வரிசையிலும் கேட்கவில்லை. எல்லோருக்கும் தெரிந்திருந்தது. ஒரு படத்தில் பகுதி ஒன்று காணாமற் போயிருந்தால், ஓர் ஆள் வந்து நின்றவுடன் அந்தக் குறை அவ்வளவு சரியாகத் தீருமா? தீரலாம். தற்செயலாகவும் தீரலாம். ஆனால் நியாயமான ஒருவன் எதை நம்புவான் என்பதே எங்கள் தொழிலின் கேள்வி. நான் நியாயமானவன் என்றே எண்ணுகிறேன். நம்புகிறேன்.

நிலையத்துக்கு நான் எழுதியிருப்பது இது: "இப்படம் முழுமையானது என்பது என் நம்பிக்கை, அதற்கான காரணங்களையும் மாற்றுச் சாத்தியங்களையும் இணைத்துள்ளேன். இதில் எந்தக் காட்சியும் இழக்கப்படவில்லை. இல்லாதவர் நடிகர் ஒருவரே. வெறுமையான பகுதிகளை வெட்டாமல் பிரதி எடுக்க வேண்டும் என்றும், படம் காட்டப்படும் ஊரில் யாராவது ஒருவர் அவ்விடங்களில் எழுந்து நிற்க அனுமதிக்கப்பட வேண்டும் என்றும் கோருகிறேன்."

உங்களிடமிருந்து எனக்கு மிஞ்சியிருப்பது ஒரு பழக்கம். ஒருவர் ஒரு கதவுக்குள் போவதைக் கண்டால், முன்பெல்லாம் அவர் போய்விட்டார் என்று குறித்துக்கொள்வேன். இப்போது, அந்தப் பக்கத்தில் யாருக்கு முன்னால் வந்து நிற்கிறார் என்று யோசிக்கிறேன். கேள்வியை முடிக்காமல் விட என்னால் முடிகிறது. என்னைப் போன்ற ஒருவனுக்கு அது சிறிய மாற்றம் அன்று.

மேற்கூறியவை என் அறிவுக்கும் நம்பிக்கைக்கும் எட்டியவரை உண்மை. ஹோர்சன்ஸில், என் வீட்டுக் குசினி மேசையில், கீழ்க்காணும் இருவர் முன்னிலையில் ஒப்பமிட்டேன்.

(ஒப்பம்) த. குணரத்தினம்

சாட்சிகள்:

யூகோ, அயல் தோட்டத்தவர். தமக்கு டெனிஷில் வாசித்துக் காட்டப்பட்டதை விளங்கிக்கொண்டு ஒப்பமிட்டார்.

ஜெசிந்தா, அண்ணையின் மனைவி. மற்றவை பற்றித் தமக்குத் தெரியாது என்றும், மூட்டையைப் பெற்றுக்கொண்டவர் என்ற வகையில் மட்டும் ஒப்பமிடுவதாகவும் கூறினார்.